மலைநாட்டில் ஒரு முகவரி தேடி

கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் வீட்டுக்கு அண்மையிலுள்ள பலசரக்குக் கடையில் மலைநாட்டு இளைஞன் ஒருவன் வேலை செய்கிறான். 2025ஆம் ஆண்டு மார்ச் மாதப் பாடசாலை விடுமுறையில், நாங்கள் குடும்பமாக எங்கள் சொந்த மோட்டார் வண்டியிலேயே நுவரெலியாவுக்கும் ஹட்டனுக்கும் சென்று வரத் தீர்மானித்திருந்தோம். இச்செய்தி எவ்வாறோ அவன் செவிக்கு எட்டிவிட்டது. புறப்படுவதற்கு முதல் நாள் மாலை, அவன் ஒரு பொதியுடன் எங்கள் வாயிலில் வந்து நின்றான்.

"ஐயா, மஸ்கெலியாப் பக்கம் போவீர்களென்றால் இதை எங்கள் அம்மாவிடம் கொடுத்துவிடுவீர்களா? அம்மாவுக்கு ஒரு கம்பளிச் சட்டையும் தங்கச்சிக்கு இரண்டு புத்தகமும் இருக்கின்றன" என்றான்.

"தபாலில் அனுப்பியிருக்கலாமே, தம்பி?" என்று கேட்டோம்.

அவன் சிரித்தான். "தபாலில் போட்டால் தோட்டம் வரைக்கும் போகும், ஐயா. வீடு வரைக்கும் போகும் என்று சொல்ல முடியாது."

பின்னர் ஒரு காகிதத் துண்டில் முகவரியை எழுதித் தந்தான். தாயின் பெயர், தோட்டத்தின் மேற்பிரிவு, தோட்டத்தின் பெயர், மஸ்கெலியா என நான்கே வரிகள். வீட்டுக்கு இலக்கமில்லை, வீதிக்குப் பெயருமில்லை. அத்துண்டை வண்டியின் முன்பெட்டியில் வைத்துக்கொண்டு மறுநாள் விடியுமுன் புறப்பட்டோம். எங்கள் உல்லாசப் பிரயாணம் ஒரு வீட்டைத் தேடிச் செல்லும் பிரயாணமாக மாறப்போவதை அப்பொழுது நாங்கள் அறிந்திருக்கவில்லை.

இறம்பொடை ஏற்றம்

கண்டி வீதியில் கடுகண்ணாவைக் கணவாயை ஏறிக் கடந்து, பேராதனையில் வலப்புறம் திரும்பினால் கம்பளை வழியாக நுவரெலியா செல்லும் பாதை தொடங்குகிறது. பேராதனையிலிருந்து நுவரெலியா ஏறத்தாழ 75 கிலோமீற்றர்தான். எனினும் அதைச் சமதரைக் கணக்கில் எண்ணிப் புறப்படலாகாது. வழியில் நின்று பார்த்துச் செல்பவருக்கு அரைநாள் வேண்டும்.

கம்பளையை அடைந்ததும் பிள்ளைகளுக்கு ஒரு சிறு சரித்திரம் சொன்னோம். இந்நகரின் அருகே சின்னப்பிட்டியில்தான் 1824ஆம் ஆண்டளவில் ஜோர்ஜ் பேர்ட் என்னும் ஆங்கிலேயர் கோப்பித் தோட்டம் ஒன்றைத் தொடங்கினார். அத்தகைய தோட்டங்களுக்கு ஆள் வேண்டியிருந்தது. தமிழ்நாட்டின் வறண்ட ஊர்களிலிருந்து ஏழைக் குடியானவர்கள் கங்காணிமாரால் அழைத்து வரப்பட்டனர். கடல் கடந்து மன்னார்க் கரையில் இறங்கிய அவர்கள், அங்கிருந்து மாத்தளை வரை அடர்ந்த காட்டினூடே கால்நடையாகவே வந்தார்கள். பசியாலும் காய்ச்சலாலும் வாந்திபேதியாலும் வழியிலேயே மடிந்தோர் எண்ணற்றோர். அம்மக்களின் வருகைக்கு 200 ஆண்டுகள் நிறைந்ததை நினைவுகூர்ந்து, 2023ஆம் ஆண்டு ஜூலை 28ஆம் திகதி தலைமன்னாரில் புறப்பட்ட ஒரு நடைபவனி ஆகஸ்ட் 12ஆம் திகதி மாத்தளையை அடைந்தது. முன்னோர் நடந்த வழியிலேயே பேரப்பிள்ளைகளும் நடந்தனர்.

"அவர்கள் நடந்தார்கள், நாங்கள் காரில் போகிறோமே!" என்றான் எங்கள் இளைய மகன். பிள்ளைகளின் வாயிலிருந்து சில சமயம் இவ்வாறு வந்து விழும் சொற்களுக்கு மறுமொழி கூற இயலுவதில்லை.

புசல்லாவையைத் தாண்டியதும் இருமருங்கிலும் தேயிலை. கோப்பிச் செடிகளை 1869ஆம் ஆண்டு தோன்றிய இலைநோய் அழித்தொழிக்கத் தொடங்கியது. அதற்கு இரண்டாண்டுகள் முன்னரே, 1867இல், லூல்கந்துரத் தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் என்னும் ஸ்கொத்லாந்துக்காரர் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டிருந்தார். கோப்பி வீழ்ந்த மலைகளில் தேயிலை ஏறிற்று. கோப்பிக்கு ஆட்கள் வேண்டியிருந்தது பெரும்பாலும் பழம் பறிக்கும் பருவத்தில் மாத்திரமே. தேயிலைக்கோ ஆண்டு முழுவதும் கொழுந்தெடுக்க வேண்டும். ஆகவே வந்து திரும்பிச் சென்றுகொண்டிருந்த மக்கள் இங்கேயே குடும்பத்துடன் தங்கலாயினர்.

இறம்பொடையில் 109 மீற்றர் உயரத்திலிருந்து வீழும் அருவியைக் கண்டு சற்று இளைப்பாறினோம். அப்பால் கொண்டை ஊசி வளைவுகள் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. முற்காலத்தில் இவ்வளைவுகளில் தோட்டத்துச் சிறுவர்கள் பூங்கொத்துகளை விற்பார்கள். ஒரு வளைவில் வாங்காதவரை அடுத்த வளைவிலும் அதே சிறுவன் எதிர்கொள்வான்! வண்டி சுற்றி வருவதற்குள் அவன் தேயிலைக்கிடையே செல்லும் குறுக்குப் பாதையால் ஓடிவந்துவிடுவான். மலையில் பாதை வேறு, குறுக்கு வேறு. வண்டிகள் செல்வது பாதையில். மக்கள் ஏறி இறங்குவது குறுக்கில்.

வண்டி ஓட்டும் அன்பர்களுக்கு இவ்விடத்தில் ஒரு வார்த்தை. எந்தக் கியரில் ஏறினீர்களோ அதே கியரில் இறங்குங்கள். பிரேக்கை மாத்திரம் நம்பி இறங்கினால் அது சூடேறிப் பிடிமானம் இழக்கும். ஏறிவரும் வண்டிக்கு வழிவிடுவது மலைப்பாதையின் மரியாதை. மூடுபனி இறங்கிவிட்டால் நின்றுவிடுவதே புத்தி. நாங்கள் சென்று வந்த இரண்டாம் மாதம், 2025 மே 11ஆம் திகதி, இதே பாதையில் கெரண்டியெல்லப் பகுதியில் பஸ் வண்டியொன்று பள்ளத்தில் வீழ்ந்து இருபதுக்கும் மேற்பட்ட உயிர்கள் மாண்டன. அச்செய்தியை வாசித்தபோது அவ்வளைவு எங்கள் கண்முன் நின்றது.

செங்கல் தபாற்கந்தோர்

லபுக்கலையைக் கடந்து, மாலையில் நுவரெலியாவை அடைந்தோம். கடல் மட்டத்துக்கு மேல் 1,868 மீற்றர். ஊருக்கு மேலே இலங்கையின் அதியுயர் சிகரமாகிய பீதுருதலாகலை 2,524 மீற்றர் உயரத்தில் முகிலைப் போர்த்து நிற்கிறது. கொழும்பில் வியர்வையில் நனைந்தவர்களுக்கு இங்கே கம்பளிக்குள்ளும் நடுக்கம் எடுக்கிறது.

மறுநாட் காலையில் கிறகரி வாவியைச் சுற்றி வந்தோம். இது 1873இல் தேசாதிபதி வில்லியம் கிறகரியின் காலத்தில் அமைக்கப்பட்டது. விக்டோரியாப் பூங்காவிலும் உலாவினோம். சீதாஎலியவில் சீதையம்மனைத் தரிசித்துத் திரும்பினோம். இவற்றுக்கெல்லாம் மேலாகப் பிள்ளைகளின் மனத்தைக் கவர்ந்தது நகரின் நடுவே நிற்கும் தபாற்கந்தோரேயாகும். செந்நிறச் செங்கல்லும் கூரிய கோபுரமுமாக 1894ஆம் ஆண்டு கட்டப்பட்ட அக்கட்டடம், கதைப்புத்தகத்திலிருந்து எழுந்து வந்தது போலத் தோன்றுகிறது. அதைச் சுற்றுலா விடுதியாக்கும் யோசனை 2023இல் எழுந்தபோது, தபால் ஊழியர்கள் நாடெங்கும் வேலைநிறுத்தம் செய்து எதிர்த்தார்கள். நாங்கள் சென்றபோது உள்ளே தபால் வேலை வழக்கம்போல் நடந்துகொண்டிருந்தது.

பிள்ளைகள் இருவரும் படத் தபாலட்டைகள் வாங்கி, எங்கள் வீட்டு முகவரிக்கே எழுதிப் பெட்டியில் இட்டார்கள். "நாங்கள் வீட்டுக்குப் போவது முந்தியோ, கார்ட் போவது முந்தியோ பார்ப்போம்" என்று அவர்களுக்குள் ஒரு பந்தயம்.

வெளியே பலர் நின்று அக்கட்டடத்தைப் படம் பிடித்துக்கொண்டிருந்தனர். நாங்களும் பிடித்தோம். மஸ்கெலியாக் காகிதத் துண்டு அப்பொழுது வண்டியின் முன்பெட்டியில் கிடந்தது.

இரு அருவிகளும் ஒரு சரித்திரமும்

நுவரெலியாவிலிருந்து நானுஓயா, லிந்துலை, தலவாக்கலை, கொட்டகலை வழியாக ஹட்டன் ஏறத்தாழ 50 கிலோமீற்றர். இலங்கையில் இதனினும் அழகிய மோட்டார்ப் பாதை உண்டெனின் நாங்கள் அறியோம். ஒருபுறம் கிரேட் வெஸ்டர்ன் மலை நீலச் சுவர்போல எழுந்து நிற்கிறது. புகைவண்டிப் பாதை சில இடங்களில் மேலும் சில இடங்களில் கீழுமாகக் கூடவே வருகிறது. 1884இல் ஹட்டனையும் 1885இல் நானுஓயாவையும் எட்டிய பாதை அது. தோட்டங்களின் பெயர்ப்பலகைகளை மூத்த மகள் உரத்து வாசித்து வந்தாள். எடின்பரோ, சமர்செற், சென். கிளேயர், டெவோன் என்று பிரித்தானிய நாட்டு ஊர்ப் பெயர்கள் எல்லாம் இம்மலைகளில் குடியேறியிருக்கின்றன. கொழுந்து பறிக்கும் மக்களோ பல தோட்டங்களுக்குத் தங்கள் வாய்க்கு இசைந்த தமிழ்ப் பெயர்களை இட்டு வழங்குகின்றனர். ஆகவே பலகையில் உள்ள பெயரைச் சொல்லி வழி கேட்டால் சிலவேளை விழிக்கிறார்கள்!

தலவாக்கலைக்கு அப்பால், 80 மீற்றர் உயரமான சென். கிளேயர் அருவியும் 97 மீற்றர் உயரமான டெவோன் அருவியும் பாதையிலிருந்தே காட்சி தருகின்றன. மேல் கொத்மலை நீர்மின் திட்டத்துக்கென 2012இல் நிறைவுற்ற அணை தலவாக்கலை நகரத்தை ஒட்டியே நிற்கிறது. அதன் மின்வலு 150 மெகாவாற்று.

தலவாக்கலையில் தேநீர் அருந்தியபொழுது, இத்தொகுதியின் முதல் பாராளுமன்ற உறுப்பினர் ஒரு கவிஞர் என்பதைப் பிள்ளைகளுக்குக் கூறினோம். பூண்டுலோயா மடகொம்பரைத் தோட்டத்தில் 1914இல் பிறந்த சி. வி. வேலுப்பிள்ளை அவர். தோட்ட மக்களின் துயரை ஆங்கிலத்திலும் தமிழிலும் எழுதியவர். அவர்களுடைய நாட்டுப் பாடல்களைத் திரட்டித் தந்தவர். 1947ஆம் ஆண்டுத் தேர்தலில் அவருடன் இலங்கை இந்தியக் காங்கிரசைச் சேர்ந்த எழுவர் பாராளுமன்றம் சென்றனர். மறு ஆண்டே, 1948இல், குடியுரிமைச் சட்டம் வந்தது. தோட்டத் தமிழரிற் பெரும்பாலோர் ஒரே எழுத்தில் நாடற்றவர் ஆயினர். வாக்குரிமையும் பறிபோயிற்று.

1964ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் திகதி, ஸ்ரீமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்தனர். நாடற்றோர் 975,000 பேர் எனக் கணக்கிட்டு, 525,000 பேரை இந்தியா ஏற்பதென்றும் 300,000 பேருக்கு இலங்கை குடியுரிமை வழங்குவதென்றும் முடிவு செய்தனர். எஞ்சிய 150,000 பேரை 1974இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டன. தகப்பன் ஒரு நாட்டுக்கும் மகள் ஒரு நாட்டுக்குமாகப் பிரிந்த குடும்பங்கள் பல. மலைநாட்டிலிருந்து தலைமன்னாருக்கு அவர்களை ஏற்றிச் சென்ற புகைவண்டிக்கு மக்கள் இட்ட பெயர் ‘ஒப்பாரிக் கோச்சி’ என்பது. இங்கே தங்கியவர்களுள் எஞ்சியிருந்தோருக்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003ஆம் ஆண்டிலேதான் நிறைவேறியது.

"அப்படியென்றால் அதுவரை அவர்கள் எந்த நாட்டு ஆட்கள்?" என்று மகள் கேட்டாள்.

"எந்த நாட்டவரும் அல்லர்" என்றோம். அவள் வெகுநேரம் யாதும் பேசாமல் சன்னலினூடே வெளியே நோக்கிக்கொண்டிருந்தாள். அன்றிரவு ஹட்டனில் தங்கினோம்.

தார் முடிந்த இடம்

நான்காம் நாட் காலை டிக்கோயா, நோர்வூட் வழியாக மஸ்கெலியாவுக்குப் புறப்பட்டோம். காசல்ரீ நீர்த்தேக்கம் மலைகளை நகலெடுத்ததுபோல் அசையாதிருந்தது. மஸ்கெலியாவுக்கு அருகில் மவுசாகலை நீர்த்தேக்கம். இது அமைக்கப்பட்டபொழுது பழைய மஸ்கெலியா நகரம் நீருக்குள் அமிழ்ந்தது. கடும் வறட்சியில் நீர் வற்றும் காலங்களில் பழைய கோயிலும் பள்ளிவாசலும் விகாரையும் சேற்றிலிருந்து வெளிப்படும். அவற்றைக் காண மக்கள் திரள்வார்கள். வானத்தின் விளிம்பில் சிவனொளிபாத மலை 2,243 மீற்றர் உயரத்தில் கூர்மையாய் நின்றது. அது யாத்திரைக் காலமாதலால், நல்லதண்ணிக்குச் செல்லும் பஸ் வண்டிகள் ஒன்றன்பின் ஒன்றாய் விரைந்தன.

நாங்கள் அப்பெரும் பாதையை விட்டுப் பிரிந்தோம். முதல் ஒரு கிலோமீற்றர் தார் இருந்தது. தேயிலைத் தொழிற்சாலை வாயிலுடன் அது முடிந்தது. அதற்கு மேலே கல்லும் குழியும் நீரோடிய வாய்க்கால்களுமே பாதை. வண்டியின் அடிப்பாகம் மும்முறை கல்லில் மோதிற்று. நான்காம் முறை மோதுவதற்குள் ஒதுக்கமாக நிறுத்திவிட்டு, பொதியுடன் இறங்கி நடந்தோம்.

கொழுந்தும் துரைமாரின் வண்டிகளும் செல்லும் வழி செம்மையாக இருக்கிறது. மக்கள் குடியிருக்கும் வழி இப்படி இருக்கிறது. இதற்கு ஒரு காரணம் சட்டப் புத்தகத்திலேயே இருந்தது. தோட்டப் பாதை தோட்டத்துக்கே உரியது எனக் கருதப்பட்டமையால், 1987ஆம் ஆண்டுப் பிரதேச சபைச் சட்டம் சபைப் பணத்தைத் தோட்டக் குடியிருப்புகளுக்குச் செலவிட இடங்கொடுக்கவில்லை. தோட்ட மக்கள் வாக்களித்துத் தெரிந்த சபைகூட அவர்களுடைய வாசலுக்கு ஒரு வண்டி கல் கொட்ட முடியாதிருந்தது! 2018ஆம் ஆண்டிலேதான் அச்சட்டம் திருத்தப்பட்டது. முப்பது ஆண்டுக்காலம் செப்பனிடாத பாதைகள் ஒரு திருத்தத்தால் ஒரே நாளில் செம்மையாகிவிடா.

வழியில் பிள்ளைகள் சிலர் எதிர்ப்பட்டனர். அம்மையாரின் பெயரைச் சொல்லி வீடு எதுவெனக் கேட்டோம்.

"எந்த அம்மா? கொழுந்து எடுக்கிறவங்களா? பிள்ளைக் காம்பிராவில் வேலை செய்கிறவங்களா? பென்சன் வாங்கின பாட்டியா?" என்று ஒரு சிறுமி திருப்பிக் கேட்டாள். மேற்பிரிவில் மாத்திரம் அப்பெயருடையோர் மூவர்! கொழும்பில் மகன் கடையில் வேலை செய்கிறான் என்றோம். அதற்கும் இருவர் பொருந்தினர். ஈற்றில், மகளுக்குப் புத்தகம் கொண்டு வந்திருக்கிறோம் என்றதும், "ஏ-லெவல் பாஸ் பண்ணின அக்கா வீடு!" என்று கூவிக்கொண்டு எல்லாப் பிள்ளைகளும் எங்களுக்கு முன்னே ஓடினர்.

பிந்தி வந்த கடிதம்

லயம் என்பது நீண்ட ஒரே கூரையின் கீழ் வரிசையாக அமைந்த அறைகள். ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஏறத்தாழ 10 அடிக்கு 12 அடி அளவான ஓர் அறையும் சிறு முன்வாசலும். இதையே லயக்காம்பிரா என்பர். வெள்ளையர் காலத்தில் கட்டியவை பல இன்றும் அப்படியே நிற்கின்றன. அம்மையாரின் வீட்டு முன்வாசலில் தகரம் இறக்கிச் சமையலறை அமைத்திருந்தார்கள். வாயிலில் செவ்வந்திப் பூக்கள். சுவரில் சாமி படங்களுக்கு நடுவே மகளின் பரீட்சைச் சான்றிதழ் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்கிற்று.

அன்று அவருக்கு வேலை நாள். செய்தி கேட்டு, இடுப்பில் கட்டிய படங்குடனேயே மலையிலிருந்து இறங்கி வந்தார். அரை நாட் சம்பளம் போய்விடுமே என்று நாங்கள் வருந்தினோம். "அது கிடக்குதுங்க, வீடு தேடி வந்தவங்களை நிற்க வைக்கலாமா?" என்றார். தோட்டத் தொழிலாளரின் நாட் சம்பளம் 2021இல் 1,000 ரூபாவுக்கும், 2024இல் 1,350 ரூபாவுக்கும் உயர்ந்தது. அதை முழுமையாகப் பெறுவதற்கும் நிறை குறையாமற் கொழுந்து கொண்டுவர வேண்டும். பச்சைக் கொழுந்து நான்கரைக் கிலோ அளவில் இருந்தால்தான் ஒரு கிலோ தேயிலைத் தூள் கிடைக்கும்.

தேங்காய் ரொட்டியும் சம்பலும் சாயத்தண்ணியும் தந்து உபசரித்தார்கள். கம்பளிச் சட்டையை அம்மையார் முகத்தில் ஒற்றிக்கொண்டார். மகள் புத்தகங்களைப் புரட்டிப் பார்த்து மூடி வைத்தாள். அவ்வேளையில் எங்கள் மகன், "அக்கா, உங்களிடம் போன் இருக்கிறதுதானே? பிறகேன் முகவரி?" என்று கேட்டுவிட்டான்.

அவள் பொறுமையாக விடை கூறினாள். "செய்தியெல்லாம் போனில் வரும், தம்பி. நேர்முகப் பரீட்சைக்கு வரச் சொல்லும் கடிதம் தபாலில்தான் வரும்."

சென்ற ஆண்டு அவள் ஆசிரியப் பயிற்சிக்கு விண்ணப்பித்திருந்தாள். நேர்முகப் பரீட்சைக்கு அழைக்கும் கடிதம் அவள் கைக்குக் கிட்டியபோது, பரீட்சை முடிந்து பதினொரு நாட்களாகிவிட்டன. தோட்டக் குடும்பங்களுக்கு வரும் தபால் பெரும்பாலும் தோட்டக் கந்தோருக்கே செல்கிறது. அங்கிருந்து பிரிவுக்கு வரும். பிரிவிலிருந்து, அப்பக்கம் போகிறவர் கையிலோ பாடசாலைப் பிள்ளை கையிலோ லயத்துக்கு வரும். ஒரே பெயருடையோர் மூவர் இருந்தால் மூன்று வீடும் சுற்றி வரும். அக்கடிதம் பிந்தியதற்கு அவள் எவரையும் குறை கூறவில்லை. "யாரைச் சொல்றது? வீட்டுக்கு நம்பர் இருந்தால் நேரே வந்திருக்கும்" என்றாள்.

அடுத்த பிரிவில் அரசாங்கத் திட்டத்தில் கட்டிய தனி வீடுகள் சில இருப்பதாகவும், அவற்றின் வாயில்களில் இலக்கம் எழுதியிருப்பதாகவும் அம்மையார் கூறினார். தங்களுக்கும் பெயர் பதிந்திருக்கிறதாம். சொந்த நிலம் என்பதைவிட, மண் சரியாத இடம் என்பதைவிட, "நம்பர் போட்ட வீடு" என்றே அவர் திரும்பத் திரும்பச் சொன்னார்.

விடைபெறும்போது முன்வாசலில் நின்று நோக்கினோம். தேயிலைச் சரிவுகளுக்கு அப்பால் நீர்த்தேக்கமும் அதற்கு அப்பால் சிவனொளிபாத மலையும் முழுவதும் தெரிந்தன. இக்காட்சிக்காகவே கீழே விடுதிகளில் ஓர் இரவுக்கு அப்பெண்மணியின் பல நாட் சம்பளத்தைக் கொடுத்துத் தங்குகிறார்கள். "நல்லாத் தெரியுதுங்களா?" என்று அவர் பெருமையுடன் கேட்டார். நல்லாகத் தெரிகிறது என்றோம்.

மூன்று நாளும் இருபத்துநான்கு நாளும்

ஹட்டனிலிருந்து கினிகத்தேனை, கித்துல்கல, அவிசாவளை வழியாக இரவு கொழும்பு திரும்பினோம். பிள்ளைகளின் பந்தயத்தில் கார்ட் தோற்றது. ஆனால் ஒரே நாள்தான் பிந்தியது. நுவரெலியாவில் இட்ட மூன்றாம் நாள் எங்கள் தபாற்பெட்டியில் அது கிடந்தது.

அதைக் கையிலெடுத்துப் பார்த்த மகள், உடனே அமர்ந்து மஸ்கெலியா அக்காவுக்கு ஒரு கடிதம் எழுதித் தபாலிட்டாள். அக்கடிதம் போய்ச் சேர்ந்தது இருபத்துநான்காம் நாள். பதிற் கடிதத்தில் அப்பெண் திகதியைக் குறித்திருந்தாள். அதன் கீழே, இனி எழுதும்போது இவ்வாறு எழுதவும் என்று ஒரு முகவரி கொடுத்திருந்தாள். அவள் பெயர், தந்தையின் பெயர், லயத்தின் இலக்கம், மேற்பிரிவு, தோட்டம், மஸ்கெலியா நகரிலுள்ள ஒரு கடையின் பெயர், கடைக்காரர் பார்த்துக் கொடுக்கவும் என்ற வேண்டுகோள், ஊர் என எட்டு வரிகள்! கடிதவுறையின் முகப்பில் முத்திரைக்கே இடம் போதவில்லை.

மறுமுறை விண்ணப்பித்தபொழுது, அவள் தன் முகவரியாக அண்ணன் வேலை செய்யும் வெள்ளவத்தைக் கடையையே கொடுத்தாள். கடிதம் நேரே கடைக்கு வந்தது. அவன் அதை உடைத்துத் தொலைபேசியில் வாசித்துக் காட்டிவிட்டு எங்களிடமும் ஓடிவந்தான். அவள் நேர்முகப் பரீட்சைக்குச் சென்று வந்தாள்.

அவ்வாண்டு நவம்பர் இறுதியில் ‘டித்வா’ப் புயல் இலங்கையைத் தாக்கிற்று. கொட்டித் தீர்த்த மழையில் மலைநாடெங்கும் மண் சரிந்தது. நாட்டில் நூற்றுக்கணக்கானோர் மாண்டனர். பாதைகளும் பாலங்களும் புகைவண்டிப் பாதையும் சிதைந்தன. நான்கு நாட்கள் அவ்விளைஞனுக்கு வீட்டிலிருந்து ஒரு செய்தியும் கிட்டவில்லை. கடைவாயிலில் போனைக் கையில் ஏந்தியபடி அவன் நின்ற நிலையை நாங்கள் மறவோம். ஐந்தாம் நாள் அழைப்பு வந்தது. லயத்துக்கு மேலே சரிவில் வெடிப்புக் கண்டதால் எல்லோரும் பாடசாலையில் தங்கியிருக்கிறார்களாம், எவருக்கும் தீங்கில்லையாம். "நம்பர் போட்ட வீடு வந்தால் இந்தப் பயமும் இல்லை, ஐயா" என்றான்.

வாசக அன்பர்களே! மலைநாட்டுக்குக் கட்டாயம் சென்று வாருங்கள். பாதைகளின் நிலையை முன்கூட்டி விசாரித்துக்கொள்ளுங்கள். மழைக் காலத்தைத் தவிருங்கள். வண்டியின் பிரேக்கையும் சக்கரங்களையும் சோதித்துக்கொள்ளுங்கள். அருவிகளையும் வாவியையும் செங்கல் தபாற்கந்தோரையும் பாருங்கள். ஆனால் தார் முடியும் இடத்தில் திரும்பிவிடாதீர்கள். அங்கிருந்து சிறிது தூரம் நடந்தால்தான், நாம் காலையில் அருந்தும் தேநீர் எந்த வீட்டிலிருந்து வருகிறது என்பது தெரியும்.

மாணவர்களுக்கும் ஒன்று சொல்வோம். உங்கள் வகுப்பிலோ விடுதியிலோ மலைநாட்டு நண்பர் ஒருவர் இருப்பாராயின், விடுமுறையில் அவருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். எத்தனை நாளிற் சேர்ந்தது என்று கேட்டு எழுதி வையுங்கள். எங்கள் மகள் ஒரு கொப்பியில் அவ்வாறு குறித்து வருகிறாள். முதற் கடிதம் இருபத்துநான்கு நாள். கடை முகவரிக்கு எழுதிய இரண்டாவது கடிதம் ஒன்பது நாள். இலக்கமிட்ட வீட்டுக்கு எழுதப்போகும் கடிதத்துக்காக அவள் ஒரு வரியை வெறுமையாக விட்டு வைத்திருக்கிறாள்.